ரஷ்யாவுக்காகச் செத்தவள்

ஒடில் முதன்முதலாகச் செத்தது 1914 மார்ச் மாதம், ஒரு வியாழக்கிழமை, மதியச் சாப்பாட்டுக்குச் சற்று முன்பு. அன்று மாலை தன் அக்கா டெல்ஃபினோடு டிராமில் வீடு திரும்பினாள். வழியில் இறங்கி வெண்ணெயும் காய்ந்த பட்டாணியும் வாங்கினாள். அந்தக் காலத்து ஹாலிவுட்டில் இருந்தவர்கள் இந்த இரண்டு செய்திகளையும் ஒரே மூச்சில்தான் சொல்வார்கள். அப்போது அங்கே எலுமிச்சைத் தோப்புகள்தான் அதிகம். அக்காவும் தங்கையும் வேலை பார்த்த படக் கம்பெனி ஒரு பழைய குதிரை லாயத்தில் நடந்தது; வெயில் ஏற ஏற லாய வாடை கிளம்பும், காதல் காட்சியில் நிற்பவர்கள் மூக்கைச் சுளிக்காமல் நிற்கப் பழகியிருந்தார்கள்.

இருவரும் மாசசூசெட்ஸில் ஃபால் ரிவர் என்ற ஊரின் பஞ்சாலைகளிலிருந்து வந்தவர்கள், கனடா பிரெஞ்சுக் குடும்பம். அம்மா பஞ்சுத் தூசியில் நெஞ்சடைத்துப் போன பிறகு, தூசி இல்லாத ஊர் எதுவென்று விசாரித்து ரயிலேறினார்கள். டெல்ஃபினுக்கு உடை தைக்கும் வேலை கிடைத்தது. அவளுக்குச் சாப்பாடு கொண்டுவந்த ஒடில், வெயிலை மட்டுப்படுத்தக் கட்டியிருந்த மெல்லிய துணிப் பந்தலுக்குக் கீழே வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்றாள். பனியில் விறைத்துச் சாகவேண்டிய நடிகைக்கு, பனியென்று கொட்டியிருந்த மாவு மூக்கில் ஏறித் தும்மல் நிற்கவில்லை. "அந்தப் பொண்ணு அசையாமப் படுப்பாளா?" என்று டைரக்டர் ஹைரம் ஸ்டோக்ஸ் ஒடிலைக் காட்டிக் கேட்டார். "படுக்குறதுல குறை வைக்க மாட்டா சார். எழுப்புறதுதான் பெரும்பாடு" என்றாள் டெல்ஃபின். மில்லில் விடிகாலைச் சங்கு ஊதும்போது ஒடிலை உலுக்கி எழுப்பி, தூக்கத்திலேயே செருப்பை மாட்டி, இழுத்துக்கொண்டு போனது வருடக்கணக்கில் அவள்தான்.

படங்களுக்குப் பேச்சு வராத காலம். கேமரா சுற்றும்போது டைரக்டர் மெகாஃபோனில் ஓயாமல் சொல்லிக்கொண்டே இருப்பார், நடிப்பவர்கள் கேட்டுச் செய்வார்கள். "குளிருது. விரல் மரத்துப்போச்சு. கதவப் பாரு... அவன் வரமாட்டான். சரி, மூச்ச விட்டுடு. அவ்வளவுதான். போயிடு" என்றார் ஸ்டோக்ஸ். சொன்னதைக் கேட்கிற பெண், போய்விட்டாள். கேமராவை நிறுத்தினார்கள். ஒடில் எழவில்லை. யாரோ கைக்கண்ணாடியை மூக்கருகே பிடித்தார்கள், கண்ணாடி மங்கவில்லை. ஸ்டோக்ஸ் மெகாஃபோனில் கத்தினார், தச்சர் வாளித் தண்ணீரை முகத்தில் ஊற்றினார், ஒன்றும் நடக்கவில்லை. அம்மாவின் உடலைக் கழுவித் துடைத்தவள் டெல்ஃபின். அந்தக் குளிர்ச்சி எதுவென்று தொட்டதும் தெரிந்துவிட்டது. ஸ்டோக்ஸ் தொப்பியைக் கழற்றினார். என்ன சொல்வதென்று தெரியாமல், வாய்க்குப் பழகிப்போனதை அவள் சொன்னாள்: "ஒடில், சங்கு ஊதிட்டான், எந்திரிடி." ஒடில் கண்ணைத் திறந்து, முடியிலிருந்த மாவைத் தட்டிவிட்டு, சாப்பாடு மிச்சம் இருக்கிறதா என்று கேட்டாள்.

அந்த நாளில் கம்பெனிகள் ஒரே கதைக்கு இரண்டு முடிவு எடுப்பது வழக்கம். அமெரிக்காவில் பார்ப்பவர்களுக்குக் கல்யாணம் வேண்டும். ரஷ்யாவில் பார்ப்பவர்களுக்கு, கதாநாயகி செத்தால்தான் படம் முடிந்த நிறைவு வரும். ஆகவே ஒடில், ஆலிவ் ஹேவன் என்று கம்பெனி வைத்த பெயரில், காலையில் அமெரிக்காவுக்காகக் கல்யாணம் செய்துகொண்டாள், மதியத்துக்குமேல் ரஷ்யாவுக்காகச் செத்தாள். காசநோயில் செத்தாள், குண்டடிபட்டுச் செத்தாள், மாட்டுக்குத் தண்ணீர் காட்டும் தொட்டியில் மூழ்கிச் செத்தாள். டெல்ஃபின் ஓரமாகச் சால்வையோடு நிற்பாள். கேமரா நின்றதும் கூப்பிடுவாள். வேறு யார் கூப்பிட்டாலும் பலிக்கவில்லை. தலையை வெட்டும் காட்சிக்கு மட்டும் டெல்ஃபின் ஒத்துக்கொள்ளவில்லை. "நான் கூப்பிட்டா கேக்குறதுக்குக் காது ஒடம்போட இருக்கணும்ல" என்றாள். அதில் நியாயம் இருந்ததால் ஸ்டோக்ஸ் அதைத் தூக்கு என்று மாற்றினார்.

கோயிலில் ஃபாதர் குவின்லன் முதல் சில தடவை ஓடிவந்து, சாகிறவர்களுக்கு எண்ணெய் பூசி ஜெபிக்கும் அவஸ்தைப் பூசுதல் கொடுத்தார். அப்புறம் எண்ணெய் தீர்ந்துவிடும் போலிருந்ததால், "இந்த வாரம் சாவு எப்பம்மா? முந்தின நாளே வந்து பாவசங்கீர்த்தனம் பண்ணிட்டுப் போயிடு, அது போதும்" என்று ஏற்பாடு செய்துகொண்டார். ரஷ்யாவில் ஒரு தானிய வியாபாரி படம் பார்த்து மனம் தாங்காமல், ஆலிவ் ஹேவன் என்று பொன் எழுத்துப் பொறித்த சலவைக்கல் ஒன்றை அவள் கல்லறைக்கென்று கப்பலில் அனுப்பிவைத்தார். கல் நல்ல கல். டெல்ஃபின் அதைத் தையல் அறையில் போட்டு, அதன்மேல் துணிகளுக்கு இஸ்திரி போட்டாள்.

ஒடிலுக்குத் தூக்கம் எப்போது நின்றது என்று டெல்ஃபினால் சரியாகச் சொல்ல முடியவில்லை. ரஷ்யாவில் புரட்சி வந்து அந்த வியாபாரம் படுத்த வருடமாக இருக்கலாம். வியாபாரம் படுத்ததே தவிர, சாவு நிற்கவில்லை. அதற்குள் அமெரிக்காக்காரர்களும் அழுவதற்கு ருசி கண்டிருந்தார்கள். சங்கு ஊதினாலும் எழாதவள், இப்போது படுக்கையில் கண்ணை விரித்துக்கொண்டு கிடந்தாள். செத்துக் கிடக்கும் அந்த ஒன்றிரண்டு நிமிடம் மட்டும்தான் அவளுக்குத் தூக்கம். எழுந்த பிறகு நாள் முழுக்கக் கொட்டாவி விடுவாள், சூப்பில் உப்பிருக்கிறதா என்று அக்காவைக் கேட்பாள். அங்கே என்னதான் இருக்கிறது என்று டெல்ஃபின் ஒரே ஒரு தடவை கேட்டாள், பட்டாணி ஆய்ந்துகொண்டே.

"ஒண்ணுமில்லக்கா. ஞாயித்துக்கிழம தறியெல்லாம் நிக்கும் பாரு, காது திடீர்னு லேசாயிடுமே. அப்படி."

"அவ்வளவுதானா? அம்மாவப் பாக்கலியா?"

"பாக்குறதுக்குள்ளதான் நீ கூப்பிட்டுடுறியே."

1925இல் ஸ்டோக்ஸ் எடுத்த பெரிய படத்தில் அவள் பிரசவத்தில் சாகவேண்டும். கேமராவுக்குள் பிலிம் சிக்கிக்கொண்டது. மறுபடி சாகச் சொன்னார்கள். விளக்கு ஒன்று வெடித்தது, மறுபடி. பக்கத்தில் கிடந்த பொம்மைக் குழந்தை உருண்டுவிட்டது, மறுபடி. டெல்ஃபினுக்குத் தொண்டை கட்டிப்போனது. கடைசித் தடவை கூப்பிட்டுக் கூப்பிட்டு, மெழுகுவர்த்தி ஒன்று எரிந்து தீரும் நேரத்துக்குப் பிறகுதான் ஒடில் கண்ணைத் திறந்தாள். திறந்தவள் அக்காவைப் பார்த்த பார்வையில் கோபம் இல்லை. வேலை முடிந்து வந்தவளை மறுபடி வேலைக்கு அனுப்பினால் எப்படிப் பார்ப்பாளோ அப்படி இருந்தது. டிராமில் வரும்போது, "இனிமே கூப்பிடாதக்கா, சரியா?" என்றாள்.

"கூப்பிடாம? உன்ன அங்கயே போட்டுட்டு நான் மட்டும் வீட்டுக்குப் போயி ரெண்டு தட்டு வைக்கவா? வாய மூடிட்டு வாடி."

ஒடில் வாயை மூடிக்கொண்டாள். டெல்ஃபின் தொடர்ந்து கூப்பிட்டாள்.

பிறகு படங்களுக்குப் பேச்சு வந்தது. மெகாஃபோன்கள் பரணுக்குப் போயின. படம் எடுக்கும் இடத்தில் தும்மக்கூடாது என்று சட்டம் வந்தது. சாகும்போது ஒடில் நாலு வரி வசனம் பேசவேண்டியிருந்தது. இரண்டாவது வரிக்குள்ளேயே அவள் போய்விடுவாள். "யாரும் சொல்லாம எனக்கு நிதானமாச் சாகத் தெரியல" என்றாள். கம்பெனி அவளை விட்டுவிட்டது. ஸ்டோக்ஸையும் விட்டது; அவர் வான் நைஸ் பக்கம் கோழி வளர்க்கப் போனார். அதன் பிறகு ஒடில் கூட்டத்தில் ஒருத்தியாக நின்றாள்: நாட்டிய மண்டபங்களில் விசிறியோடு, நீதிமன்றங்களில் பின்வரிசையில். கதையில் வேறு பெண்கள் செத்து, எழுந்து, சிகரெட் பற்றவைத்தார்கள். அவள் அவர்களைப் பார்த்துக்கொண்டு விழித்திருந்தாள். ஒரு யுத்தம் வந்து போனது. எலுமிச்சைத் தோப்புகள் போய் வீடுகள் வந்தன. டெல்ஃபின் வீட்டிலேயே பழைய துணிகளைப் பிரித்துத் தைத்துக்கொடுத்தாள். இருபது வருடத்துக்கு மேலாக ஒடில் ஒரு கணமும் தூங்கவில்லை. அந்தத் தெருவில் அதைத் தெரியாதவர்கள் இல்லை. இரவில் வேலை முடிந்து திரும்பும் ரொட்டிக்கடைக்காரர், அவளுக்குப் பேச்சுத்துணையாகச் சன்னலோரம் சற்று நின்றுவிட்டுத்தான் போவார்.

1951 குளிர்காலத்தில் அவளுக்கு நிமோனியா கண்டது. இன்று தாண்டாது என்று சொல்லிவிட்டுப் போன டாக்டர், மறுநாளும் வந்து அதையே சொன்னார். மூன்று வாரம் சொல்லிச் சொல்லி அவருக்கே வெட்கமாகிவிட்டது. உடம்பு முடித்துக்கொண்டுவிட்டது, நாடி இழை இழையாகப் பிய்ந்துகொண்டிருந்தது; ஆனாலும் ஒடில் போகவில்லை. கேமராவும் சுற்றாமல், பக்கத்திலிருந்து யாரும் சொல்லாமலும் அவளுக்குப் போகத் தெரியவில்லை. "ஸ்டோக்ஸக் கூட்டிட்டு வாக்கா" என்றாள். டெல்ஃபின் கேட்காததுபோல் போர்வையைச் சரிசெய்தாள். நாலு நாள் அப்படிச் சரிசெய்தாள். ஐந்தாம் நாள் ஒடில், மூச்சுக்கு ஒரு வார்த்தையாக, "சின்ன வயசுல உனக்கு ஒரு நாளாவது தோணலியா, இன்னிக்கு இவ தூங்கட்டுமேன்னு?" என்று கேட்டாள். தினமும் தோன்றியது. இதை டெல்ஃபின் சொல்லவில்லை. கோட்டை மாட்டிக்கொண்டு வான் நைஸ் பஸ் பிடித்தாள்.

ஸ்டோக்ஸ் கோழித்தீவன வண்டியில் வந்தார். கைப்பிடி சுற்றுகிற பழைய மரப்பெட்டிக் கேமராவைச் சாக்கில் சுற்றிக்கொண்டுவந்திருந்தார். எழுபது தாண்டியிருந்தது, படியேறுவதற்குள் இரண்டு தடவை நின்றார். சமையலறையில் டெல்ஃபினிடம், "பிலிம் இல்ல. இந்தப் பெட்டிக்கு இப்போ பிலிமே கெடைக்காது" என்று தணிந்த குரலில் சொன்னார். உள்ளே ஒடில், "பிலிம் போட்டாச்சா?" என்று கேட்டபோது, "முழு ரோல் கண்ணு. ஒனக்கில்லாததா?" என்றார்.

மதிய வெளிச்சம் கட்டில்மேல் விழுந்தது. ஸ்டோக்ஸ் செய்தித்தாளை மெகாஃபோன்போலச் சுருட்டி ஒரு கையால் வாயில் வைத்துக்கொண்டு, மற்றக் கையால் கைப்பிடியைச் சுற்றினார். "வெளிச்சம் நல்லா இருக்கு. அக்கா பக்கத்துல இருக்கா. கையப் புடிச்சிருக்கா. யாரையும் தேட வேணாம், கதவு பக்கம் பாக்க வேணாம்... அவசரமே இல்ல. ஆங், அப்படித்தான். மூச்ச விட்டுடு கண்ணு. போயிடு."

போய்விட்டாள். அவளைவிடக் கச்சிதமாக அதைச் செய்தவர்கள் யாருமில்லை என்று ஸ்டோக்ஸ் பின்னால் சொல்வதுண்டு. அப்போது அவர் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருந்தார், கண்ணீர் தாடையில் இறங்கியது. கடைசியில் கை ஓய்ந்தது.

"கூப்பிடு, டெல்ஃபின்."

அவள் வழக்கம்போல் சால்வையைக் கையில் எடுத்தாள்.

"ஒரே ஒரு தடவ. வந்தா வரட்டும். என்னால பாக்க முடியல."

டெல்ஃபின் வாயைத் திறந்தாள். பெயர் நாக்கு வரை வந்துவிட்டது. இத்தனை வருடத்தில் அது தானாக வரப் பழகியிருந்தது. கையிலிருந்த சால்வையின் ஓரத்தை வாய்க்குள் திணித்துக் கடித்துக்கொண்டாள். சன்னல் வெளிச்சம் கட்டிலை விட்டுச் சுவருக்குப் போகும் வரை அப்படியே உட்கார்ந்திருந்தாள். பிறகு சால்வையை எடுத்துத் தங்கையின் தோள்வரை போர்த்திவிட்டு, "வண்டிய மெதுவா எடுங்க" என்று ஸ்டோக்ஸிடம் ரகசியமாகச் சொன்னாள்.

அதற்குப் பிறகும் டெல்ஃபின் பதினைந்து வருடத்துக்கு மேல் இருந்தாள். தெருவில் கதவுகளை அறைந்து சாத்துவது நின்றுபோனது. பால்காரர் பாட்டில்களுக்கு நடுவே துணி செருகிக்கொண்டு வந்தார். ஒடிலின் வருட நினைவுக்குப் பூசை கேட்கப் போனபோது, பெயரை மட்டும் வாசிக்க வேண்டாம் என்று டெல்ஃபின் கேட்டுக்கொண்டாள். "உங்க குரலுக்கு அவ எழ மாட்டா ஃபாதர். ஆனா நீங்க சொன்னா கூடவே நானும் சொல்லிடுவேன்." ஃபாதர் குவின்லன் அந்த இடம் வந்ததும் நிறுத்தி, ஒரு பெயருக்கு ஆகும் நேரம் காத்திருந்து, அடுத்த வரிக்குப் போனார். அவருக்குப் பின் வந்த இளம் சாமியாருக்கும் அதைச் சொல்லிவைத்திருந்தார்கள். அவரும் அங்கே நிறுத்தினார். ஏன் என்று கேட்கவில்லை.