பேய்க்கு ஏது தீட்டு

எங்கள் காலனியில் பேய் வருவதற்கும் நல்ல நேரம் பார்த்தார்கள். ஹாலோவீன் என்ற வெள்ளைக்காரப் பண்டிகை அந்த வருஷம் வெள்ளிக்கிழமையில் வந்து தொலைத்தது. வெள்ளிக்கிழமை விளக்கு வைத்த பிறகு வீட்டில் இருந்து ஒரு பொருளை வெளியே கொடுத்தால் லட்சுமியும் கூடவே கிளம்பிப் போய்விடுவாளாம். அப்படியென்றால் பேய் வேஷம் போட்டு வாசலில் வந்து நிற்கிற பிள்ளைகளுக்கு மிட்டாய் கொடுப்பது எப்படி? சனிக்கிழமைக்குத் தள்ளலாமா என்று ஒருத்தி கேட்டாள். சனிக்கிழமையும் அதுவுமாகப் பேய் வேஷமா, வேறு வினையே வேண்டாம் என்று நாலு பேர் பாய்ந்தார்கள். கடைசியில், வெள்ளிக்கிழமையே இருக்கட்டும், ஆனால் விளக்கு வைப்பதற்குள் பேய்கள் எல்லாம் வீடு திரும்பிவிட வேண்டும் என்று வாட்ஸப் குழுவில் முடிவானது. படித்துவிட்டுச் சத்தமாகச் சிரித்தேன். நான் சிரித்தே பல மாதம் ஆயிற்று என்பது அப்புறம்தான் உறைத்தது.

வில்லாபுரம் தாண்டி ரிங் ரோட்டுக்குப் போகிற வழியில் கேட் போட்ட காலனி எங்களுடையது. எல்லாம் ஒரே அச்சில் வார்த்த வீடுகள். என் வீட்டுக்காரர் அழகுபாண்டி ஆசை ஆசையாக வாங்கிய வீடு, கடைசி முக்கில் இருக்கிறது. மார்ச் மாதம் திருச்சியில் இருந்து பைக்கில் திரும்பி வருகையில், கொட்டாம்பட்டிக்குப் பக்கத்தில் நாற்கரச் சாலையில், இருட்டில் ஒரு லாரிக்காரன் அவரைப் பார்க்கவில்லை. அதற்கு மேல் அதைச் சொல்ல எனக்குத் தெம்பு கிடையாது.

காரியம் முடிந்த நாளோடு எங்கள் வீட்டுப் படியை யாரும் மிதிக்கவில்லை. துக்க வீட்டுக்கு வந்தவர்கள் கிளம்பும்போது 'போயிட்டு வாரேன்' என்று சொல்லக் கூடாது, பேசாமல் எழுந்து போய்விட வேண்டும். நம் ஊர் வழக்கம்தான், எனக்கும் தெரியும். ஆனால் சொல்லாமல் போனவர்கள் நிஜமாகவே வராமல் போவார்கள் என்று நான் கண்டேனா? வருஷம் திரும்பும் வரை இந்த வீட்டில் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்க மாட்டார்களாம். தீபாவளிக்குப் பலகாரம் வந்தது, கேட் வரைக்கும். பையைக் கம்பியில் மாட்டிவிட்டு, வீட்டுக்குப் போய்ச் சேர்ந்த பிறகு போனில் சொல்கிறார்கள். கொரோனா வந்த வீட்டுக்குக்கூட இதைவிட மரியாதை இருந்தது.

என்னை விடுங்கள், என் தோல் தடித்துவிட்டது. என் மகள் அஸ்வினிக்கு ஒன்பது வயது. சாயங்காலம் பூங்காவுக்குப் போவாள். இவள் ஊஞ்சல் பக்கம் போனால் மற்ற பிள்ளைகள் சறுக்குமரத்துக்குப் போய்விடும். சறுக்குமரத்துக்குப் போனால் யாராவது ஒரு அம்மா பால்கனியில் இருந்து கூப்பிட்டுவிடுவாள். இவள் திரும்பி வந்து, "விளையாடலம்மா, கால் வலிக்குது" என்பாள். எத்தனை நாள்தான் ஒரு பிள்ளைக்குக் கால் வலிக்கும்? நான் அடுப்படிக்குள் போய் நின்றுகொண்டு, பல்லைக் கடித்துக்கொண்டு அழுவேன்.

அப்போதுதான் இந்த ஹாலோவீன் பேச்சு கிளம்பியது. எனக்கு ஒரு நப்பாசை வந்தது. பொங்கலும் தீபாவளியும் இந்த வருஷம் எங்களுக்குக் கிடையாது, சரி. இது யாரோ வெள்ளைக்காரன் பண்டிகைதானே? இதற்கு எந்தப் பஞ்சாங்கத்தில் தீட்டு எழுதியிருக்கிறது? பேயே வீடு வீடாகப் போகிற நாளில் துக்க வீடு என்ன, கல்யாண வீடு என்ன? அந்தப் பிள்ளைகள் ஒரே ஒரு தடவை என் கேட்டைத் திறந்துகொண்டு வந்து, என் கையால் ஒரு மிட்டாயை வாங்கிவிட்டால் போதும். அப்புறம் அஸ்வினியைப் பார்த்து யாரும் நகர்ந்து போக முடியாது. எனக்கு வேண்டியதெல்லாம் அதுதான்.

ஏற்பாடு எல்லாம் கனகா அக்கா. காலனியில் கொலுவானாலும் கொடியேற்றமானாலும் அவள்தான் முன்னால் நிற்பாள். அவளே எனக்குப் போன் செய்தாள். "பாண்டீஸ், நீதான் நல்லா தைப்பியே. பிள்ளைக அம்புட்டுக்கும் ஒரே மாதிரி பேய் அங்கி தச்சுக் குடுத்துருத்தா. கடையில வாங்குறது ஒண்ணும் நல்லாயில்ல." எனக்குத் தலைகால் புரியவில்லை. என் வீட்டுத் தண்ணீர்தான் ஆகாது, என் கை ஆகும் போல என்று நினைத்துக்கொண்டேன்.

விளக்குத்தூண் பக்கம் சிஹாபுதீன் பாய் கடையில் போய் வெள்ளைக் காடாத்துணியை மொத்தமாகக் கிழிக்கச் சொன்னேன். பாய் கத்திரியைக் கீழே வைத்துவிட்டார். "என்னம்மா, மறுபடியும் பெரிய காரியமா?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்டார். "இல்ல பாய், பேய்க்குச் சட்டை தைக்கப் போறேன்" என்றேன். "பேய்க்கே உடுப்பு தச்சுக் குடுக்குற காலமாயிருச்சா! அல்லா காப்பாத்தணும்" என்று தலையில் கை வைத்துக்கொண்டார். பில் போடும்போதும் என்னை ஒரு மாதிரியாகத்தான் பார்த்தார்.

தையல் என்றால் ஏனோதானோ தையல் இல்லை. பிள்ளைகள் தடுக்கி விழாதபடி அங்கியைக் கணுக்காலுக்கு மேலேயே நிறுத்தினேன். முகமூடி வேண்டாம், மூச்சு முட்டும், பக்கவாட்டில் வண்டி வருவது தெரியாது என்று சொல்லி முக்காடு மட்டும் வைத்தேன். ஒவ்வொரு அங்கிக்கும் முதுகிலும் கையிலும், வெளிச்சம் பட்டால் பளிச்சென்று மின்னுகிற பட்டையை வைத்துத் தைத்தேன். அவர் சட்டையில் இப்படி ஒரு முழம் இருந்திருந்தால்? அந்த நினைப்பு வரும்போதெல்லாம் மிஷினை நிறுத்திவிட்டு எழுந்து நடந்தேன். பிள்ளைகள் வீடு வீடாகப் போகிற அந்த ஒரு மணி நேரம் காலனிக்குள் கார், தண்ணி லாரி எதையும் விடக் கூடாது, நாய்களைக் கட்டிப்போட வேண்டும், வாங்குகிற மிட்டாயைப் பெரியவர்கள் பார்த்த பிறகுதான் பிள்ளைகள் வாயில் போட வேண்டும் என்று குழுவில் எழுதியதும் நான்தான். எல்லாரும் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினார்கள்.

அங்கிகளை வாங்க கனகா அக்கா வந்தாள். கேட்டுக்கு வெளியேதான் நின்றாள். மூட்டையைக் கொடுத்துக்கொண்டே, "அக்கா, எங்க வீட்டையும் சேத்துக்கங்க. பிள்ளைக இங்கயும் வரட்டும்" என்றேன்.

"பாக்கலாம்த்தா."

எங்கள் ஊரில் பாக்கலாம் என்றால் முடியாது என்று அர்த்தம். "என்னத்தக்கா பாக்க? வரும், வராதுன்னு சொல்லுங்க."

"ஒனக்கு எதுக்கு இந்தச் சிரமமெல்லாம்? வருஷம் திரும்பட்டும், அடுத்த தடவ அமர்க்களமா செய்வோம்."

எனக்குச் சுரீர் என்றது. "வெள்ளக்காரன் பண்டிகைக்கு ஏதுக்கா தீட்டு? நான் தச்ச துணிய ஒங்க பிள்ளைக உடம்புல போடலாம், நான் குடுக்குற மிட்டாய வாயில போடக் கூடாதா? துணியில ஒட்டாத தீட்டு மிட்டாயிலதான் ஒட்டிக்கிருமா?"

கனகா அக்கா அக்கம்பக்கம் பார்த்தாள். "ஏய், கத்தாதடி. நானா வேணாம்ங்குறேன்? நாலு பேர் நாலு விதமா பேசுவாக."

"அந்த நாலு பேரையும் வரச் சொல்லுங்க, நான் கேக்குறேன்."

"சரி சரி, கோவிச்சுக்கிறாத. வரச் சொல்றேன்." மூட்டையைத் தூக்கிக்கொண்டு விறுவிறு என்று நடந்தாள்.

நான் நம்பினேன். நம்பாமல் வேறு என்ன செய்வது? பரவை மார்க்கெட்டுக்குப் போய் நல்ல உருண்டைப் பரங்கிக்காயாக ஒன்று வாங்கிவந்து கண், மூக்கு, வாய் வெட்டினேன். நம் ஊரில் வருஷம் பூராவும் வாசலுக்கு வாசல் ராட்சசன் மூஞ்சி வரைந்த திருஷ்டிப் பூசணி தொங்குகிறது, இதில் வெள்ளைக்காரன் நமக்குப் புதிதாக என்ன சொல்லித் தந்துவிட்டான்? வீட்டில் எதுவும் சுடவில்லை. பிரிக்காத உறை போட்ட சாக்லேட்டாகப் பார்த்து வாங்கினேன். தீட்டு பிளாஸ்டிக்கைத் துளைத்துக்கொண்டு போகாது என்று யாராவது மனசைத் தேற்றிக்கொள்ளட்டும்.

வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் அஸ்வினிக்கு அங்கியைப் போட்டுவிட்டேன். கண்ணைச் சுற்றி மை தீட்டினேன். கண்ணாடியில் பார்த்துக்கொண்டே, "அம்மா, அவங்க என்னையச் சேத்துக்குவாங்களா?" என்று கேட்டாள்.

"எல்லாரும் ஒரே துணிதானடி. யாரு நீ, யாரு அவன்னே தெரியாது."

"நம்ம வீட்டுக்கு வருவாங்களா?"

"கனகா ஆன்ட்டி சொல்லியிருக்காங்க. நீயே கூட்டிட்டு வா. வந்து பெல்ல அடி, அம்மா யாருன்னே தெரியாத மாதிரி கதவத் தொறந்து பயந்து காட்டுறேன்."

சிரித்தாள். பல்லெல்லாம் தெரியச் சிரித்துவிட்டு, டார்ச்சை எடுத்துக்கொண்டு ஓடினாள். என் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது.

மழை மேகம் கட்டியிருந்ததால் சீக்கிரமே இருட்டிக்கொண்டு வந்தது. வாசல் விளக்கைப் போட்டேன். பரங்கிக்காய்க்குள் அகல் ஏற்றி வைத்தேன். சாக்லேட்டைத் தட்டில் பரப்பி, கதவுக்குப் பின்னால் தயாராக நின்றுகொண்டேன். பக்கத்து ஜன்னல் திரையை ஒரு விரல் அகலம் விலக்கியிருந்தேன். ஒவ்வொரு வீட்டு வாசலாகப் பிள்ளைகள் கத்துவது கேட்டது. சத்தம் எங்கள் தெருவுக்குத் திரும்பியது. எதிர் வீடு முடிந்தது. பக்கத்து வீடும் முடிந்தது. வெள்ளை வெள்ளையாக ஒரு கூட்டம் என் கேட்டுக்கு முன்னால் வந்து நின்றது. எல்லாம் நான் தைத்த அங்கி. அதில் என் பிள்ளை எது என்று எனக்கே தெரியவில்லை.

"டேய், இங்க பாருங்கடா, பரங்கிக்காயெல்லாம் வச்சிருக்காங்க! வாங்க போவோம்!" இது பொடியன் தவ்பீக்கின் குரல். இந்த மாதம்தான் காலனிக்குக் குடிவந்தவர்களின் பையன்.

"அந்த வீடு வேணாம்" என்றாள் கனகா அக்காவின் மகள் திவ்யா. "எங்கம்மா போகக் கூடாதுன்னு சொல்லியிருக்காங்க."

"ஏன்?"

"ஏன்னா ஏன்தான். வா."

அடிப்பாவி கனகா, என் முகத்துக்கு நேரே சரி என்றுதானே சொன்னாய்!

"இது அஸ்வினி வீடுதான?" என்று இன்னொரு குரல் கேட்டது. "அவகிட்டயே கேளு."

ஜன்னல் இடுக்கில் முகத்தை ஒட்டிக்கொண்டேன். கூட்டிக்கொண்டு வாடி என் தங்கமே, உன் வீடுடி, யாருக்கு என்ன பயம், வா என்று மனசுக்குள் கத்தினேன்.

"எங்க வீட்டுல யாரும் இல்ல." அஸ்வினிதான். "எங்கம்மா வெளிய போயிருக்காங்க. வாங்க, பூங்காவுக்குப் போவோம்."

"லைட்டு எரியுது?" என்றான் தவ்பீக்.

"மறந்து போட்டுட்டுப் போயிருப்பாங்க."

"சரி, அப்ப வா அஸ்வினி" என்றாள் திவ்யா. மார்ச் மாதத்துக்குப் பிறகு அந்தப் பிள்ளை என் மகளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டது அன்றைக்குத்தான். சட்டென்று ஒரு வெள்ளை அங்கி இன்னொரு வெள்ளை அங்கியின் கையைப் பிடித்தது. அதில் எது என் பிள்ளை என்று இப்போது தெரிந்துவிட்டது.

கூட்டம் நகரத் தொடங்கியது. தவ்பீக் மட்டும் நகரவில்லை. "நான் பாத்துட்டு வாரேன்" என்று கேட்டைத் தள்ளிக்கொண்டு உள்ளே ஓடிவந்தான். படி ஏறினான். அந்தச் சின்னக் கால் சத்தம் கதவுக்கு அந்தப் பக்கம் வந்து நின்றது. காலிங் பெல் அடித்தது.

இதற்காகத்தானே அத்தனையும். ஒரு கை தாழ்ப்பாளுக்குப் போய்விட்டது. திறந்தால் அந்தப் பையன் கை நிறைய அள்ளிக்கொண்டு போவான். திறந்தால் என் மகள் அத்தனை பேர் முன்னால் பொய்க்காரி ஆவாள், திவ்யா கையை உதறிவிடுவாள். நாளைக்கு மறுபடியும் கால் வலிக்குது என்று வந்து நிற்பாள்.

தாழ்ப்பாளில் இருந்து கையை எடுத்துவிட்டேன்.

பெல் இன்னொரு தடவை அடித்தது. தட்டு சத்தம் போட்டுவிடக் கூடாது என்று நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டேன். மூச்சைக்கூட மெதுவாகத்தான் விட்டேன்.

"யாருமே வரலடா" என்று தவ்பீக் படியிறங்கினான்.

"நான்தான் சொன்னேன்ல, யாரும் இல்லன்னு" என்றாள் என் மகள்.