சம்பந்தி போட்ட ஆட்சேபணை

சாயப்பட்டறைக்காரருக்குச் சம்பந்தி என்ற பேச்சை எடுத்தாலே வயிறு எரியும். எரியாமல் என்ன செய்யும்? போன மழைக்காலத்துக்கு முன்னால் அவருடைய பட்டறையின் உரிமம் புதுப்பிப்புக்கு வந்தபோது, கழிவுச் சேற்றைக் கால்வாய்க் கரையில் கொட்டுகிறார் என்று சுற்றுச்சூழல் அலுவலகத்தில் ஆட்சேபணை கொடுத்தது அந்த மனுஷன்தான். பெண் எடுத்த வீடாயிற்றே என்றுகூடப் பார்க்கவில்லை.

கொட்டியது உண்மைதான். அந்தக் கால்வாயில் கொட்டாதவர் யார் என்று அவர் கேட்டார். அதிகாரிகள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கரையைச் சுத்தம் செய்து உரிமத்தை மீட்பதற்குள் பட்டறை மாதக்கணக்கில் பூட்டிக் கிடந்தது. அவரிடம் துணி கொடுத்துவந்த பெரிய கம்பெனி, சந்தடியில்லாமல், அதே தொழிலில் இருந்த சம்பந்தியின் பட்டறைக்கு நகர்ந்துவிட்டது.

பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தார். சம்பந்தியின் உரிமமும் புதுப்பிப்புக்கு வந்தது. வக்கீலைப் பிடித்து, சூட்டோடு சூடாக ஆட்சேபணை கொடுத்தார்.

விஷயம் தெரிந்து மகள் வந்தாள். மாமனார் பட்டறையில் கழிவுநீர்த் தொட்டிகள் அவள் பொறுப்பு. செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே நின்றாள்.

"மனுவை வாபஸ் வாங்குங்கப்பா."

"உன் மாமனார் அன்னைக்கு வாங்கினாரா?"

"அது நான் வாழற வீடு."

"இது நீ பொறந்த வீடு. இதை மூடினப்போ ஒரு வார்த்தை பேசினியா?"

அவள் வந்த வழியே திரும்பி நடந்தாள். அவரும் உள்ளே வா என்று சொல்லவில்லை.

விசாரணை நாளில் சம்பந்தி இஸ்திரி கலையாத சட்டையில் வந்திருந்தார்.

"சௌக்கியமா சம்பந்தி?"

"எல்லாம் உங்க புண்ணியம்."

மகள்தான் மாமனார் பட்டறைக்காகப் பேசினாள். அலுவலகத்து ஆட்களே தொட்டியிலிருந்து எடுத்துப்போன தண்ணீரில் உப்பும் சாயமும் வரம்புக்குள்தான் இருக்கின்றன என்று அழகாக எடுத்துச் சொன்னாள். அதிகாரிக்குத் திருப்தி. சம்பந்தியின் மீசைக்கடியில் சிரிப்பு எட்டிப்பார்த்தது. அந்தச் சிரிப்பைச் சாயப்பட்டறைக்காரரால் தாங்க முடியவில்லை. வக்கீல் கையைப் பிடித்து இழுத்தும் கேட்காமல் எழுந்துவிட்டார்.

"ஐயா, தண்ணி எடுக்க ஆள் வர்றது முன்னாடியே தெரிஞ்சிடும். கடைசித் தொட்டியில போர் தண்ணியைத் திறந்து விட்டா எந்த விஷமும் வரம்புக்குள்ள வந்துடும். சொல்லாம கொள்ளாம போய்ப் பாருங்க. குழாய் அகப்படும்."

சம்பந்தியின் முகம் பேயறைந்த மாதிரி ஆயிற்று. அதைப் பார்க்க அவருக்கு வயிற்றில் பால் வார்த்ததுபோல் இருந்தது.

"உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றார் அதிகாரி.

"ஊருக்கே தெரியும்" என்று மழுப்பினார்.

மகள் இன்னும் உட்காரவில்லை. "இவர் பட்டறையிலயும் அதே மாதிரி குழாய் இருக்குங்க. கல்யாணத்துக்கு முன்னாடி அதைத் திறந்து விட்டது நான்தான். இவர்தான் சொல்லிக் குடுத்தார்." குரல் கொஞ்சமும் நடுங்கவில்லை. அப்பா என்றுகூடச் சொல்லவில்லை.

மாலைக்குள் இரண்டு பட்டறைக்கும் ஆள் போனது. இரண்டிலும் குழாய் இருந்தது. சம்பந்திக்குப் புதுப்பிப்பு மறுக்கப்பட்டது. இவருடைய உரிமம் ரத்தானது.

சில நாள் கழித்து வக்கீல் வீட்டுக்கே வந்தார்.

"ரெண்டு பேரும் சேர்ந்து அப்பீல் போகலாம். பொதுவா ஒரு சுத்திகரிப்பு நிலையம் கட்டறோம்னு எழுதிக் குடுத்தா சீக்கிரம் திறக்க விடுவாங்க. உங்க பொண்ணு பேசிப் பேசி மாமனாரைச் சம்மதிக்க வெச்சிட்டாங்க."

"ஒத்துக்கோங்களேன்" என்றாள் மனைவி. "அவ இந்தப் பக்கம் வந்து எத்தனை நாளாச்சு."

அவர் யோசித்தார். பூட்டிய பட்டறையை நினைத்தார், வேலையில்லாமல் நிற்கும் ஆட்களை நினைத்தார், மகளைக்கூட நினைத்தார். எல்லாவற்றுக்கும் மேலே, வெளிறிப்போன சம்பந்தியின் முகம் வந்து நின்றது. அது மறுபடியும் சிரிப்பதா?

"என்னுது எப்ப திறந்தாலும் சரி. திறக்காமலே போனாலும் சரி. அவனுது திறக்கக் கூடாது. அதுக்கு ஏதாவது மனு இருந்தா எழுதுங்க."

மனைவி எழுந்து உள்ளே போய்விட்டாள். வக்கீல் வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தார். பிறகு அவர் முகத்தைப் பார்த்துவிட்டு, சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தார்.