நாலு இஞ்ச்

“இன்னும் கொஞ்சம் அமுக்குங்க மாமா” என்று சொல்லிக்கொண்டே ரூஃபஸ் அப்பாவின் வலது முட்டியில் இரண்டு கைகளையும் ஊன்றினான். இடது முட்டி பக்கத்து வீட்டு ஆர்தர் மாமாவின் பிடியில். விடியற்காலை இறந்துபோன ஏனோக்கின் கால்கள் பெட்டிக்குள் மடங்கினது மடங்கினபடியே நின்றன. மூடி உட்காரவில்லை.

அடுப்படியிலிருந்து பியூலா வந்தாள். “கையை எடு.”

“நாலு மணிக்கு சர்ச்சுல இருக்கணும். பாதிரி ஐயர் காத்துக்கிட்டு நிப்பாரு.”

“கையை எடுண்ணே. அவருக்கு வலிக்கும்.”

“செத்தவருக்கு என்னட்டி வலி?”

அவன் இருக்கிற மௌலா அலி குவார்ட்டர்ஸிலிருந்து, அதே ஊருக்குள் இருக்கிற இந்த மாரெட்பள்ளி வீடு என்ன, லண்டனா? கிறிஸ்துமஸுக்கும் ஈஸ்டருக்கும் கேக்கோடு வந்து போகிற மகாராசன். உயிரோடு இருந்தபோது இந்தக் காலை ஒரு நாள் தொட்டுப் பார்த்திருப்பானா? பெட்டிக்கு அளவு சொன்னதும் அவன்தான், ஆபீஸ் போனில். பியூலாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

“நீ மட்டும் தினம் காலையில அமுக்கலையா? அப்பா போடுற சத்தம் தெரு முக்கு வரைக்கும் கேக்கும்னு மாமாவே சொல்லியிருக்காங்க” என்றான் ரூஃபஸ்.

ஆர்தர் மாமா தலையைக் குனிந்துகொண்டார். உண்மைதான். ராட்சசி என்று அப்பாவே ஏசியிருக்கிறார். அவள் விட்டதில்லை. மடங்கின முட்டியை நீட்டி அமுக்கிப் பிடித்து, பல்லைக் கடித்துக்கொண்டு இருபது எண்ணுவாள். பிறகு குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு அழுவாள்.

“அமுக்கினேன். அவர் நடக்கணும்னு அமுக்கினேன். நீ பெட்டி மூடணும்னு அமுக்குதே. எடு, இல்லன்னா அறைஞ்சிருவேன்.”

ரூஃபஸ் கையை எடுத்தான்.

பெட்டி செய்து கொண்டுவந்த சூசைராஜ் குறுக்கே வந்தார். “எதுக்கு சண்டைம்மா? சுத்திப் பலகை வெச்சு மூடியை நாலு இஞ்ச் தூக்கிடலாம். பாலிஷ்தான் இருக்காது.”

“தூக்குங்க.”

“எங்க ஜி.எம். எல்லாம் வர்றாங்க. அசிங்கமா இருக்கும்” என்றான் ரூஃபஸ்.

“இருக்கட்டும்.”

வாசலில் ரம்பம் ஓடி ஓய்ந்தபோது மணி மூன்றரை. கறுப்புப் பெட்டியைச் சுற்றி வெள்ளைப் பலகை ஒட்டுப்போட்டது மாதிரி இருந்தது. சூசைராஜ் சுத்தியலோடு மூடியருகில் நின்றார்.

“இருங்க” என்றாள் பியூலா.

முட்டிக்கு அடியில் தலையணை வைக்கவே கூடாது, வைத்தால் கால் மடங்கியே போய்விடும் என்று ஆஸ்பத்திரியில் சொல்லியிருந்தார்கள். ஒரே ஒரு ராத்திரி வச்சுக்கிடுதேன் தாயி என்று படுக்கையில் கிடந்த மூன்று வருஷமும் அப்பா கெஞ்சினார். அவள் ஒரு ராத்திரிகூட விடவில்லை.

உள்ளே போய்த் தன் தலையணையை எடுத்து வந்தாள். இரண்டாக மடித்து அந்த முட்டிகளுக்கு அடியில் செருகி, சரியாக இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்தாள்.

“இப்ப மூடுங்க.”