வளை வாயில் ஒரு கை

ஓடுகிறேன், ஐகோர்ட் படிகளை இரண்டிரண்டாகத் தாவி ஓடுகிறேன், மார்போடு அணைத்த பையில் என் மகள் கன்னிகாவுக்கு நர்சிங் காலேஜ் அனுப்பிய கடிதம், இன்று சாயங்காலம் ஐந்து மணிக்குள் இருளர் என்று சாதிச் சான்றிதழோ கோர்ட் உத்தரவோ காட்டாவிட்டால் அந்த சீட் வேறொருத்திக்குப் போய்விடும், முன்னால் கறுப்பு அங்கி பறக்க வக்கீல் தமயந்தி அம்மா, சீக்கிரம் வாங்கய்யா, நம்ம கேஸைக் கூப்பிட்டுட்டாங்க, பின்னால் கன்னிகா, செருப்பு அறுந்து போச்சுப்பா, கையில எடுத்துக்கினு வாடி, படியேறும் என் கால் ஏன் வரப்பை மிதிக்கிறது, உள்ளங்கையில் மட்டும் ஏன் வைகாசி மாதத்துப் பாம்பு வளை ஒன்றின் குளிர்ந்த மூச்சு படுகிறது.

கோட்டாட்சியர் விசாரணைக்கு வந்த நாள் அது, ஜீப்பிலிருந்து இறங்கியவர் எங்கள் வீட்டின் தளத்தை அண்ணாந்து பார்க்கிறார், இருளன்னா குடிசையிலதானேய்யா இருப்பான், கவர்மெண்டு கட்டிக் குடுத்தது சாமி, டிவி இருக்கு, பொண்ணு இங்கிலீஷ் பேசுது, பாம்பாச்சும் புடிப்பியா, கூட வந்த டவாலிக்குச் சிரிப்பு தாங்கவில்லை, பல்லியப் பாத்தாலே ஓடுவான் போல சார், தோ வரப்புல ஒரு வளை இருக்கு, ஏய், கைய வெச்சுப் பாத்துச் சொல்லு, உள்ள இருந்துச்சுன்னா டீசல ஊத்திக் கொளுத்தறேன், வெளிய வரும், நீ புடி, சார் போட்டோ எடுத்துக்குவாரு.

குந்தினேன், வளை வாயில் மண் வழுவழுவென்று தேய்ந்திருந்தது, உள்ளங்கையை விரித்து நீட்டினேன், தலைக்குமேல் டீசல் கேன் குலுங்கும் சத்தம், கையை இழுத்துக்கொண்டேன், பிறகு நடந்ததை நினைத்தால் கனவுபோல நழுவுகிறது, பதினைந்தாம் நாள் வந்த காகிதம் மட்டும் நழுவவில்லை, கன்னிகாதான் படித்தாள், விண்ணப்பதாரரின் தந்தை தமக்கு வளை பார்க்கத் தெரியாது என்று தம் வாயாலேயே கூறியதால் விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது, நீயாப்பா அப்டி சொன்ன, இல்லம்மா, தமயந்தி அம்மாவும் கேட்டார், நிஜமா சொல்லலியே அய்யா, இல்லம்மா, சத்தியமா, அதைத்தான் பிரமாணப் பத்திரத்தில் எழுதினார், அதன் அடியில்தான் என் கட்டைவிரலை உருட்டினேன், அந்த மை இன்னும் காயாததுபோல வேட்டியில் துடைத்துக்கொண்டே நிற்கிறேன், கோர்ட் ஹாலுக்குள் வந்துவிட்டோம், கடிகாரம் மூன்று நாற்பது காட்டுகிறது.

அதிகாரி பொய்யாக எழுதிவிட்டார் என்கிறார் தமயந்தி அம்மா, அரசு வக்கீல் எழுந்து, முன்பின் தெரியாத ஆள்மேல் அவர் ஏன் பொய் எழுதவேண்டும் என்கிறார், நீதிபதி கண்ணாடியைக் கழற்றி, அந்தப் பொண்ணோட அப்பா வந்திருக்காரா, முன்னாடி வரச் சொல்லுங்க, பெரியவரே, பயப்படாதீங்க, அந்த வளைகிட்ட என்னதான் நடந்துச்சு.

ஹாலே என்னைப் பார்க்கிறது, அறுந்த செருப்பைக் கையில் பிடித்தபடி கன்னிகா, சொன்னேன் என்றால் என் கைநாட்டே பொய், சொல்லவில்லை என்றால் அது இன்னொரு பொய், கை தானாக நீண்டு உள்ளங்கை விரிகிறது, ஏசியின் குளிர் அதில் மோதுகிறது, அதே மூச்சு, ஆனால் இந்த வளைக்குள் சுருண்டிருப்பது என் மகள், இந்தக் கையை எங்கே இழுத்துக்கொள்வது.

உள்ள நல்லபாம்பு முட்டைமேல படுத்துக்கினு இருந்துச்சு சாமி, முட்டையோட இருக்கறத எங்காளுங்க எழுப்ப மாட்டோம், இருக்குதுன்னு சொன்னா டீசல ஊத்திடுவாங்க, அதான், எனக்கு வளை பாக்கத் தெரியாதுன்னு நான்தான் சாமி சொன்னேன்.