முப்பத்து மூன்று சென்டிமீட்டர்

திங்கட்கிழமை மதியத்துக்குள் ஒரெஸ்தே இருபது துப்பாக்கிகளைச் சுட்டுப் பார்த்து, ஒன்பதைத் திருப்பி அனுப்பினார். பதினேழு வருட உத்தியோகத்தில் இப்படி நடந்ததே இல்லை. இருபதுக்கு ஒன்று திரும்பினாலே பட்டறையில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார்கள். ஒன்பது என்றால் ஊரே பேசும். பேசவும் செய்தது.

மெல்லா ஆற்றங்கரையில் இருந்த அரசாங்க ஆயுதப் பட்டறையில் அவருக்குச் சுடுவதுதான் வேலை. துப்பாக்கியை மணல் மூட்டை மேல் கிடத்தி, ஆறு தோட்டாக்கள் கோத்த தகட்டை மேலிருந்து அமுக்கி, நூறு மீட்டர் தள்ளி நிற்கிற அட்டையில் ஆறையும் சுட வேண்டும். அட்டையில் சாப்பாட்டுத் தட்டை விடச் சிறிய வட்டம் ஒன்று. ஆறும் அதற்குள் விழுந்தால் துப்பாக்கி ராணுவத்துக்கு. ஒன்று வெளியே போனாலும் பட்டறைக்கு. அந்தப் பள்ளத்தாக்கில் பிறக்கிற பிள்ளை பால் குடிக்கும் முன்பே துப்பாக்கி எண்ணெய் வாசனை பிடித்துவிடும். அப்படிப்பட்ட ஊரில் ‘சுடுகிறவர்’ என்றால் ஒரெஸ்தே ஒருவரைத்தான் குறிக்கும். அந்தப் பெயரில் அவருக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. இருக்கட்டுமே, சம்பாதித்த பெயர்தானே.

துப்பாக்கி புதிதில்லை. 1891-இல் வந்த மாடல். கூடவே பிறந்தது அதன் ஆறரை மில்லிமீட்டர் தோட்டா. மொண்ணை மூக்கும் நீள உடம்புமாகப் பென்சில் துண்டு போன்ற குண்டு. 1918-இல் முடிந்த மலைப் போர் முழுக்க இந்த ஜோடிதான் நம் பிள்ளைகளின் தோளில் கிடந்தது. ஒரே குறை, நாலடிக்கு மேல் நீளம். பதுங்குகுழியில் ஒருவன் திரும்பினால் அடுத்தவன் பல் போகும். போர் முடிந்ததும் லட்சக்கணக்கில் குவிந்து கிடந்தன. ரோமில் ஒரு புண்ணியவான் யோசித்து, புதிதாகச் செய்வானேன், இருப்பதை அறுத்துக் குட்டையாக்குங்கள் என்று உத்தரவு போட்டார். எழுபத்தெட்டு சென்டிமீட்டர்க் குழலில் முப்பத்து மூன்றை அறுத்துத் தள்ளு, நாற்பத்தைந்து போதும். 1925 பிப்ரவரியில் அறுக்கிற வேலை தொடங்கியது; அறுத்தவை சுட்டுப் பார்க்க ஒரெஸ்தேவிடம் வந்த முதல் நாள் அந்தத் திங்கட்கிழமைதான்.

அறுக்கும் கொட்டகையில் ரம்பம் பிடித்தவன் பியாஜியோ, ஒரெஸ்தேவின் மனைவி செலெஸ்தாவின் தம்பி. அன்று சாயங்காலம் மதுக்கடையில் சீட்டு போடும்போது அவன்தான் ஆரம்பித்து வைத்தான்.

“மச்சான், கையில இருக்கற சீட்டுல கோப்பைப் படமா வாள் படமான்னு தெரியுதா? இல்ல நான் படிச்சுச் சொல்லவா?”

“மூடிக்கிட்டு ஆடுடா.”

“கோவப்படாத. ஒன்பது துப்பாக்கிய நாங்க கெடுத்துட்டோமா, இல்ல உன் கண்ணு கெட்டுப்போச்சா? ஊர்ல கேக்குறாங்க, நான் என்ன சொல்ல?”

“உன் ரம்பம் கோணலா அறுக்குதுன்னு சொல்லு.”

“நூல் புடிச்ச மாதிரி அறுக்குறேன், வந்து பாரு! பாதிரியார் பாவம், தொப்பி போட்டுக்கிட்டுத் தோட்டத்துப் பக்கம் நடக்குறாரு. வேட்டைக் காலத்துல நீ அவரக் கோழின்னு நெனச்சிடாத.”

கடை மொத்தமும் சிரித்தது. ஒரெஸ்தேவும் சிரித்தார். வீட்டுக்கு நடக்கும்போது ஒரு கண்ணை மூடித் தெருவிளக்கைப் பார்த்தார், பிறகு மறு கண்ணை மூடிப் பார்த்தார். நாற்பத்தெட்டு வயது. இந்த வயதில் கண் போகிறவர்கள் உண்டு.

புதன்கிழமை இன்னும் எட்டு திரும்பின. கேப்டன் ரொவேத்தா கூப்பிட்டு அனுப்பினார். கத்துகிற மனிதர் இல்லை; அதுதான் பயம்.

“உட்காருங்க ஒரெஸ்தே. கண்ணு எப்படி இருக்கு?”

“நல்லா இருக்குங்க கேப்டன். காலையில அறுக்காத நீளத் துப்பாக்கி ஒண்ண எடுத்துச் சுட்டேன். ஆறும் ஒரு கைக்குட்டைக்குள்ள விழுந்துச்சு.”

“நீளத்துல, குழல் நுனியில இருக்கற குறிமுள் கண்ணுக்குத் தூரத்துல இருக்கு, பார்வை கொஞ்சம் மங்கினாலும் சமாளிச்சிடும். குட்டைக்குத்தான் நல்ல கண்ணு வேணும். உங்களுக்குத் தெரியாததா?”

தெரியும். அதுதான் சிக்கல்.

“சனிக்கிழமை வரைக்கும் பாருங்க. அதுக்கு மேல வேற ஆள வெச்சுத்தான் ஆகணும். எனக்கு மாசத்துக்கு இத்தனைன்னு அனுப்பச் சொல்லி தலைமேல உட்கார்ந்திருக்காங்க.”

வியாழன் இரவுச் சாப்பாட்டுக்கு செலெஸ்தா பொலென்தா என்கிற மக்காச்சோளக் களி கிண்ட உட்கார்ந்தாள். அடுப்பு புகைந்தது. அவள் ஊதுகுழலை வாயில் வைத்து ஊதினாள், காற்று போகவில்லை.

அந்த ஊரில் அடுப்பூதக் கடையில் குழாய் வாங்குகிறவர் கிடையாது. பட்டறையில் கழிக்கிற துப்பாக்கிக் குழல்தான் எல்லார் வீட்டு ஊதுகுழலும். இந்த வருடம் வெட்டுத் துண்டுகள் மலையாகக் குவிந்ததால், பியாஜியோ அக்காவுக்கு மட்டுமில்லை, தெரு முழுக்கவும் புதிது கொடுத்திருந்தான்.

“சாம்பல் அடைச்சிருக்கு. ஊரான் துப்பாக்கியெல்லாம் தொடைக்கிறியே, இதையும் கொஞ்சம் தொடைச்சுக் குடு. சும்மா மூஞ்சியத் தொங்கப் போட்டுக்கிட்டு உட்கார்ந்தா கண்ணு தெளிஞ்சிடுமா?”

அவர் துடைகோலை எடுத்தார். துணி சுற்றிய நுனி, குண்டைச் சுழற்றுவதற்காகக் குழலுக்குள் திருகுபோல் வெட்டிய வரியைப் பிடித்துக்கொண்டு போகும். வரி எப்படி முறுக்குகிறதோ அப்படிக் கைப்பிடி சுழலும். தள்ளினார். கைப்பிடி உள்ளங்கையில் விறுவிறுவென்று சுழன்றது. மறுபடி தள்ளினார். ஏறக்குறைய ஒன்றரைச் சுற்று.

முப்பத்து மூன்று சென்டிமீட்டர்த் துண்டுக்கு ஒன்றரைச் சுற்று. வாரம் முழுக்க அவர் துடைத்த நாற்பத்தைந்து சென்டிமீட்டர்த் துப்பாக்கிகளில் கைப்பிடி ஒரு சுற்றை முடித்துக் கொஞ்சம்தான் நகர்ந்தது. கைக்குத் தெரிந்தே இருந்தது. அவருக்குத்தான் உறைக்கவில்லை.

“செலெஸ்தா, இது துப்பாக்கியோட உசுரு. ஊர் பூரா இதை வெச்சு அடுப்பு ஊதிக்கிட்டு இருக்கோம்!”

“ஊதிட்டுத் தந்துடறேன், உசுர நீயே வெச்சுக்கோ. பொலென்தா அடிபுடிக்குது.”

வெள்ளிக்கிழமை காலை கேப்டனின் மேஜையில் அவர் மூன்றை வைத்தார்: அறுத்த துப்பாக்கி ஒன்று, வீட்டு ஊதுகுழல், துடைகோல். கேப்டனையே தள்ளிப் பார்க்கச் சொன்னார். கேப்டன் இரண்டிலும் தள்ளினார், கோட்டைக் கழற்றிவிட்டு மறுபடியும் தள்ளினார்.

“முறுக்கு ஒரே சீரா இல்ல.”

“இல்லீங்க. தொண்ணூத்தொண்ணுல வரைஞ்சவங்க வேணும்னே அப்படிப் பண்ணியிருக்காங்க. அந்தக் கால வெடிமருந்து சூட்டுல குழல் சீக்கிரம் தேயும்னு, பின்பக்கம் மெதுவா முறுக்கி, வாய்ப்பக்கம் போகப்போக இறுக்கியிருக்காங்க. நம்ம குண்டு நீளம். வேகமாச் சுத்தினாத்தான் நேராப் போகும். அந்தச் சுத்து கெடைக்கிற இடத்தைத்தான் நாம அறுத்து எறியுறோம்.” சட்டைப்பையிலிருந்து ஓர் அட்டையை எடுத்து விரித்தார். “இந்த ஓட்டையப் பாருங்க, உருண்டையா இல்ல, கோழிமுட்டை மாதிரி இருக்கு. குண்டு சாஞ்சு போய் விழுந்திருக்கு. கண்ணு மங்கினவன் சுட்டா ஓட்டை தள்ளி விழும், சப்பையாவா விழும்?”

கேப்டன் அந்த ஓட்டையின் விளிம்பை விரலால் தடவிப் பார்த்தார். குழல் செய்தது இதே பட்டறை; அறுப்பதும் இதே பட்டறை. வரைபடம் அலமாரியில் இருந்தது, எடுத்துப் பார்க்கத்தான் ஆள் இல்லை.

“எத்தனை அறுத்துட்டோம்?”

“பியாஜியோ கணக்குல நாலாயிரத்துக்கு மேல.”

“ஒரெஸ்தே, உங்க கண்ணு மேல சந்தேகப்பட்டதுக்கு மன்னிச்சிடுங்க.” எழுந்து கை கொடுத்தார். “இன்னிக்கே ரோமுக்கு எழுதுறேன். உங்க பேரையும் போட்டு.”

அன்று மாலை மதுக்கடையில் பியாஜியோ செலவில் எல்லாரும் குடித்தார்கள். “என் மச்சான் கண்ணு கழுகுக் கண்ணு!” என்று மேஜை மேல் ஏறிக் கத்தினான். இருபது நாள் ஒரெஸ்தே தலை நிமிர்ந்து நடந்தார். உத்தரவு வரும்வரை அறுப்பும் நின்றது, சுடுவதும் நின்றது.

இருபத்தோராம் நாள் பதில் வந்தது. கேப்டன் அதை அவர் கையில் கொடுக்காமல் தானே படித்தார், தலை நிமிராமல்.

“சுட்டிக்காட்டிய விஷயம் கவனிக்கப்பட்டது. அறுப்பு வேலை தொடரலாம். சோதனை அட்டையில வட்டத்தோட விட்டம் நாற்பது சென்டிமீட்டரா மாத்தப்படுது.”

“நாற்பதா? அது அட்டை முழுக்க வந்துடுமே.”

“ஆமா. இன்னும் ஒரு வரி இருக்கு.” விரலை அந்த வரியில் வைத்துக்கொண்டார். “இந்த அளவுக்குத் தனியா ஒரு சுடுநர் அவசியமில்ல. கிடங்கு ஆள் யாராவது பாத்துக்கலாம். இப்ப இருக்கறவர அறுப்புக் கொட்டகைக்கு மாத்தலாம்.”

“நான் சொன்னது தப்புன்னு எழுதியிருக்காங்களா?”

“இல்ல. சரின்னுதான் எழுதியிருக்காங்க.”

ஒரெஸ்தேவுக்கு அவமானமாக இருந்தது, ஆத்திரமாகவும் இருந்தது. கண் கெட்டுப்போயிருந்தால்கூட மருத்துவரைத் திட்டி ஆறுதல் அடைந்திருக்கலாம். இதற்கு யாரைத் திட்ட? தொப்பியைப் போட்டுக்கொண்டு நேரே கொட்டகைக்குப் போனார். பியாஜியோ எதுவும் கேட்காமல் தன் பக்கத்தில் குழலை இறுக்கிப் பிடிக்கும் வைஸைக் காலி செய்து கொடுத்தான்.

மறுநாள் காலை சுடுகளத்திலிருந்து வெடிச்சத்தம் கேட்டது. ஆறு, கொஞ்சம் நிதானம், மறுபடி ஆறு. மதியம் ரொட்டி தின்னும் நேரத்தில் கிடங்கு எழுத்தர் ஜெர்வாசோ ஓடி வந்தார். பாட்டில் அடிப்பாகம் போன்ற கண்ணாடி போட்டவர். எதிரே வருவது யார் என்று குரலை வைத்துக் கண்டுபிடிக்கிறவர்.

“அண்ணே, முப்பதும் தேறிடுச்சு! ஒண்ணுகூடத் திரும்பல. என்னமோ பெரிய கஷ்டமான வேலைன்னு சொன்னாங்க. உங்களுக்குத்தான் மொதல்ல சொல்லணும்னு ஓடி வந்தேன்.”

பியாஜியோ ரம்பத்தை வைத்துவிட்டு எழுந்தான். ஒரெஸ்தே அவன் கையைப் பிடித்து உட்கார வைத்தார்.

“சந்தோஷம் ஜெர்வாசோ. எங்க அனுப்புறாங்க?”

“மலைப் பீரங்கிப் படைக்காம் அண்ணே. புதுசா சேர்ந்த பசங்களுக்கு.”

ஜெர்வாசோ போன பிறகும் ஒரெஸ்தே ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டே இருந்தார். எங்கோ ஒரு பாறை இடுக்கில் இருபது வயதுப் பையன் ஒருவன் மூச்சைப் பிடித்து, சரியாகக் குறிபார்த்துச் சுடுவான். குண்டு தள்ளிப் போகும். மறுபடியும் சுடுவான், மறுபடியும் போகும். பக்கத்தில் இருப்பவர்கள் சிரிப்பார்கள். அவன் தன் கண்ணைக் கசக்கிக்கொள்வான்.