சுத்தியல் கேட்ட வில்லாளி

மாடி அறையிலிருந்து போர்க்கொம்பு அலறியது.

வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த கோதை கத்தியைப் போட்டுவிட்டு ஈரக் கையோடு படிகளில் ஓடினாள். அந்தக் கொம்பு ஊதினால், அவளுடைய கில்டைச் சேர்ந்த யாரோ விளையாட்டுக்குள் வந்திருக்கிறார்கள் என்று பொருள். கில்ட் என்றால் சேர்ந்து விளையாடும் கூட்டம். கோட்டை, குகை, டிராகன் என்று விரியும் ஆன்லைன் விளையாட்டில் லண்டன் தமிழர்கள் ஒன்பது பேர் கொண்ட கூட்டம் அது. கோதைதான் தலைவி. ஞாயிறு மதியம் ஒன்றே முக்காலுக்கு அனுசனைத் தவிர யாரும் உள்ளே இருக்க மாட்டார்கள்.

திரையில் புதிதாக வந்திருந்த பெயர்: காட்டுமயில்.

காட்டுமயில் என்பது பிரியந்தி. அவள் இந்நேரம் ரயிலில் இருக்க வேண்டும்.

இரண்டு வருடப் பழக்கம். ஆனால் கோதை அவள் முகத்தைப் பார்த்ததில்லை. குரல் மட்டும் தெரியும். கிழக்கு லண்டன் குட்மேய்ஸில் வீடு. கணவன் உண்டு, குழந்தை இல்லை. கணவனின் பெயர்கூடத் தெரியாது. "அவர்" என்று மட்டும்தான் சொல்வாள். ஆறு மாதம் முன்பு ஒருநாள், விளையாட்டுச் சண்டையின் நடுவில் அவளுடைய வில்லாளி உருவம் அசையாமல் நின்றது. திரும்பி வந்து, "மன்னிச்சுக் கொள்ளுங்கோ அக்கா, கை வலிக்குது" என்றாள். கையை முறுக்கியது அவர்தான் என்று சொல்ல அவளுக்கு இன்னும் இரண்டு மாதம் ஆனது.

வெள்ளிக்கிழமை குரல் அரட்டையில் இருவரும் தனியாக எல்லாம் பேசி முடித்திருந்தார்கள். பேச்சு எங்கும் பதிவாகாது. எழுத்துதான் நிற்கும். ஞாயிறு பன்னிரண்டு மணிக்கு அவர் ஷிப்டுக்குப் போவார். அவர் போனதும் பிரியந்தி ஒரு பெரிய நீலப் பையோடு கிளம்பி, ரயில் மாறி மாறி மூன்று மணிக்கு, கோதையின் வீட்டுக்குப் பக்கத்திலிருக்கும் நோர்பரி ஸ்டேஷனுக்கு வருவாள். தான் இருக்கும் இடத்தை அவர் ஃபோனை வைத்துக் கண்டுபிடித்துவிடுவார் என்பதால் அதை வீட்டிலேயே விட்டுவிட்டு வருவாள். கோதை ஸ்டேஷனில் காத்திருப்பாள். பெண்களுக்கு உதவும் அமைப்பு ஒன்று திங்கள் காலை முதல் அவளுக்கு ஓர் அறை ஒதுக்கியிருந்தது. நடுவில் ஓர் இரவுதான். அந்த இரவு கோதையின் வீட்டில்.

திரையின் மூலையில், இருவருக்கு மட்டுமான தனி அரட்டையில், எழுத்து ஓடியது.

"அக்கா, நிக்கிறியளோ?"

"பிரியந்தி! நீ இன்னும் கிளம்பலையா?" என்று கோதை படபடவென்று தட்டினாள்.

"கொஞ்சம் லேட்டாப் போச்சு. எங்க வரச் சொன்னனீங்கள்? பதட்டத்தில மறந்து போனன்."

பாவம், பயத்தில் இருக்கிறாள். கோதை யோசிக்கவே இல்லை. "நோர்பரி ஸ்டேஷன். மூணு மணி. வெளியிலயே நிற்பேன்."

"உங்கட வீட்டு நம்பரும் ரோட்டுப் பேரும் சொல்லுங்கோ. ஒருவேளை உங்களைக் காணாட்டி நேர வாறன்."

கோதை ரோட்டுப் பெயரின் முதல் மூன்று எழுத்துகளைத் தட்டியபோது, பொது அரட்டையில் அனுசன் குதித்தான். ஸ்ட்ரெதமில் எலெக்ட்ரிஷியன். கில்டின் போர்வீரன். ஞாயிறு முழுக்க இதே வேலைதான்.

"ராட்சசன் ஒருத்தனை முடிச்சிட்டன் அக்கா. இடிச்சுத்தியல் ஒண்டு விழுந்திருக்கு. என்னட்ட ஏற்கெனவே கிடக்கு. ஆருக்கு வேணும்?"

சட்டென்று பதில் வந்தது. காட்டுமயிலிடமிருந்து.

"எனக்குத் தாங்கோ."

கோதையின் விரல்கள் விசைகளின் மேலேயே நின்றன.

அந்த விளையாட்டில் யார் எதைத் தூக்கலாம் என்பது கல்லில் வெட்டியது மாதிரி. போர்வீரனுக்கு வாள், கோடாரி, சுத்தியல். வைத்தியருக்குக் கோலும் சிறு தடியும். வில்லாளிக்கு வில், குறுக்குவில், குத்துவாள். அவ்வளவுதான். வில்லாளி கையில் சுத்தியலைக் கொடுத்தால் சிவப்பு எழுத்தில் "உன் வகைக்கு ஆகாது" என்று வந்து, ஆயுதம் பைக்குள்ளேயே கிடக்கும். உன்னால் தூக்க முடியாத ஆயுதத்தைக் கேட்பது கில்டில் பெரிய மரியாதைக்கேடு. அதில் பிரியந்தி மாதிரிக் கறார் யாரும் கிடையாது. போன கிறிஸ்துமஸில், விற்றுக் காசாக்கலாம் என்று அனுசன் ஒரு வில்லைக் கேட்டதற்கு, "உங்களுக்குத் தூக்க ஏலாது, பிறகு என்னத்துக்குக் கை நீட்டுறியள்?" என்று அவனைக் கிழித்துவிட்டாள். ஒரு வாரம் அவனோடு பேசவில்லை.

அனுசனும் அதை மறக்கவில்லை. "அடேயப்பா! வில்லுக்காரிக்கு என்ன திடீரெண்டு சுத்தியல் ஆசை? எனக்கு மட்டும் அண்டைக்கு அந்தப் பேச்சு!"

"நான் இப்ப சுத்தியலும் பாவிக்கிறனான்."

கோதை நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டாள். நிதானமாகத் தட்டினாள். "பிரியந்தி, என்கிட்ட ரெண்டு கைக் கோடாரி ஒண்ணு இருக்கு. வேணுமா?"

"ஓம். ரெண்டையும் தாங்கோ."

"குரல்ல வாயேன், பேசலாம்."

"மைக் வேலை செய்யேல்லை. வீட்டு நம்பரைச் சொல்லுங்கோ அக்கா."

கோதை தட்டியிருந்த மூன்று எழுத்துகளை ஒவ்வொன்றாக அழித்தாள். பிறகு ஃபோனை எடுத்து அனுசனை அழைத்தாள்.

"அக்கா, உவவுக்கு இண்டைக்கு என்ன நடந்தது?" என்று அவன் சிரித்துக்கொண்டே எடுத்தான்.

"அனுசன், சிரிக்காதே. அது பிரியந்தி இல்ல."

இரண்டு நிமிடத்தில் எல்லாவற்றையும் சொன்னாள். மறுமுனையில் சிரிப்பு நின்றது.

"அப்ப உது அவாட மனுசனோ?"

"வேற யாரு? அவ பாஸ்வேர்டைச் சேமிச்சு வெச்சிருப்பா, திறந்து உக்காந்துட்டார். ஷிப்ட்ல இருந்து பாதியில வந்துட்டார் போலிருக்கு. அவளை அடைச்சு வெச்சிருக்காரோ என்னவோ."

"பொறுங்கோ. அவா வீட்டுக்குள்ள நிண்டா அவருக்கு உங்கட அட்ரஸ் என்னத்துக்கு? அவா வெளிக்கிட்டிட்டா அக்கா. அதுதான் தேடுறார்."

கோதைக்கு மூச்சு வந்தது. உடனே அடுத்தது இடித்தது. "ஐயோ, நான் ஸ்டேஷன் பேரைச் சொல்லிட்டேனே! மணியையும் சொல்லிட்டேன்!"

"இப்ப ரெண்டு மணிக்குப் பத்து நிமிசம் கிடக்கு. குட்மேய்ஸில இருந்து நோர்பரிக்கு ஒண்டேகால், ஒண்டரை மணித்தியாலம் பிடிக்கும். இப்ப வெளிக்கிட்டா மூண்டேகாலுக்கு வந்திடுவார்."

"போலீஸுக்குச் சொல்லட்டுமா?"

"என்னெண்டு சொல்லுவியள்? வில்லாளி சுத்தியல் கேக்குது எண்டோ?"

கோதை திரையைப் பார்த்தாள். காட்டுமயில் திரையில் நின்றுகொண்டிருந்தது. மயிலிறகு குத்திய தலைப்பாகை, தோளில் பிரியந்தி எட்டு மாதம் உழைத்துச் சம்பாதித்த வெள்ளி வில். அதை ஆட்டுவிப்பவர் அந்த வீட்டில், அவளுடைய நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். அந்த உருவம் அசைந்துகொண்டிருக்கும்வரை அவர் அங்கேதான் இருக்கிறார்.

"அனுசன், அவரை எழுந்திருக்க விடக் கூடாது. மூணு மணி வரைக்கும்."

"அது என்ர பொறுப்பு. குகைக்குக் கொண்டுபோறன். தெரியாத ஆளோட போனா ஒரு மணித்தியாலத்துக்கு மேல பிடிக்கும். ஆனா அவர் என்னோட ஏன் வாறார்?"

கோதை அதற்கும் வழி கண்டுபிடித்தாள். தட்டினாள்: "அடுப்புல வேலை இருக்கு பிரியந்தி. நீ அனுசனோட குகையை முடி. முடிச்சதும் வந்து வீட்டு நம்பர் தரேன். சுத்தியலும் அப்ப அவன் தருவான்."

பதில் வந்தது: "சரி."

காட்டுமயில் நடக்க ஆரம்பித்தது. முதல் அடியிலேயே ஒரு மரத்தில் போய் முட்டியது.

இரண்டரைக்கே கோதை ஸ்டேஷன் வாசலில் நின்றாள். மழை தூறிக்கொண்டிருந்தது. அவள் கணவர் பத்ரிநாராயணனுக்கு ஆஸ்பத்திரியில் இரவு எட்டுவரை டியூட்டி. அவருக்குச் செய்தி அனுப்பிப் பார்த்தாள், பதில் இல்லை. காதில் அனுசன் விடாமல் வர்ணித்துக்கொண்டிருந்தான்.

"எலிக்கு அம்பு விடச் சொன்னன், எனக்கு விடுறார். ரெண்டு தரம் செத்துப்போனன் அக்கா."

"செத்தாலும் பரவாயில்ல. விட்டுடாதே."

"இடையில ரெண்டு நிமிசம் ஆள் அசையேல்லை. பிறகு திரும்ப வந்திட்டார்."

"எப்போ?"

"கொஞ்சம் முந்தி. தண்ணி குடிக்கப் போயிருப்பார்."

"அனுசன், கண்ணை எடுக்காம பாரு. நின்னா உடனே சொல்லு."

இரண்டு ஐம்பத்தொன்றின் ரயில் வந்தது. தள்ளுவண்டியோடு ஓர் அம்மா, கால்பந்துச் சட்டை போட்ட நாலு பேர், மீன் வாசனை வீசும் பையோடு ஒரு கிழவர். நீலப் பை இல்லை. கதவுகள் சாத்திக்கொண்டன.

மூன்று மணி. மூன்று ஒன்று.

"அனுசன், இருக்கியா?"

"ஓம் அக்கா. ஆளும் நிக்கிறார். பாலத்தால விழுந்திட்டார், இறங்கி எடுக்கப் போறன். அவா வந்திட்டாவோ?"

"இல்ல."

வழியில் ரயில் நின்றிருக்கலாம். பிளாட்ஃபாரம் மாறி ஏறியிருக்கலாம். மனசு மாறித் திரும்பியிருக்கலாம். கடைசியாக நினைத்ததை நினைக்காதது போல கோதை தலையை உதறிக்கொண்டாள். கையில் ஃபோன் இல்லாத ஒருத்தியை எப்படித் தேடுவது?

மூன்று ஆறுக்கு அடுத்த ரயில். மேலே காலடிகள் திமுதிமுவென்று இறங்கின. கடைசியாக, கூட்டம் கலைந்த பிறகு, ஒரு பெரிய நீலப் பை தெரிந்தது. அதை இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டு ஒருத்தி டிக்கெட் கதவைத் தாண்டினாள். குரலை வைத்துக் கோதை மெலிந்த சின்னப் பெண் ஒருத்தியை நினைத்து வைத்திருந்தாள். வந்தவள் அவளைவிட ஒரு தலை உயரம்.

"கோதை அக்காவோ?"

அதே குரல். கோதை ஓடிப்போய் அவளைப் பிடித்துக்கொண்டாள். பை நடுவில் நசுங்கியது.

"பிழையான பக்கத்து ரயிலில ஏறிட்டன் அக்கா. திரும்பி வந்தனான். உங்களுக்குச் சொல்லவும் ஏலாது..."

"வந்துட்டே இல்ல, அது போதும். வா, வா, நனையாதே." கோதை பையின் ஒரு காதை வாங்கிக்கொண்டாள். "அனுசன்! வந்துட்டா! அங்க என்ன நிலவரம்?"

"அப்பாடா! இங்க ஒரு பிரச்சினையும் இல்லை அக்கா. கடைசிக் காவலனோட அடிபட்டுக்கொண்டு நிக்கிறம். ஆள் என்ர பக்கத்திலதான் நிக்கிறார். இப்பவும் அம்பு விடுறார்."

கோதைக்கு ஒன்றரை மணி நேரத்தில் முதல்முறையாகச் சிரிப்பு வந்தது. மேலே இன்னொரு ரயில் கிறீச்சிட்டு நின்றது.

"என்ன அக்கா? ஆரு?" என்று பிரியந்தி கேட்டாள்.

"உன் வீட்டுக்காரர் உன் பேர்ல விளையாட்டுல வந்து என் அட்ரஸைக் கேட்டார். இந்த ஸ்டேஷன் வரைக்கும் தெரிஞ்சுபோச்சு, தப்பு என்னோடது. ஆனா வெளியே கிளம்ப விடாம ஒரு மணி நேரமா அனுசன் அவரைக் கட்டிப்போட்டிருக்கான். பயப்படாதே, அவர் இன்னும் குட்மேய்ஸ்ல, உன் கம்ப்யூட்டர் முன்னாடிதான் உக்காந்திருக்கார்."

பிரியந்தி பையை இறுக்கிப் பிடித்தாள். படிகளில் இறங்கத் தொடங்கிய காலடிகளின் பக்கம் அவள் மெல்லத் திரும்பினாள்.

"என்னட்ட கம்ப்யூட்டர் ஏது அக்கா? நான் ஃபோனிலதானே விளையாடுறனான்."