ரெண்டுக்கு மேல் குத்தக்கூடாது

இரண்டாவது முறையும் ஊசி வெறுமனேதான் வெளியே வந்தது. மாரிசெல்வி தன் அம்மா பேராச்சியின் இடது கையை மடக்கிப் பஞ்சை அழுத்திப் பிடித்தாள். காலை ஏழு மணிக்கே தாராவியின் அந்த ஒற்றை அறை வெந்துகொண்டிருந்தது.

"ஏட்டி, கொசு ஒன்னைய விட நல்லா வேல பாக்கும்" என்றாள் பேராச்சி. மூச்சு வாங்கியது. வாய் மட்டும் ஓயவில்லை.

நான்கு நாள் காய்ச்சல். டாக்டர் நேற்றே பெரிய ஆஸ்பத்திரியில் சேர்க்கச் சொல்லிவிட்டார். பேராச்சி அசைந்தால்தானே? ரத்தத்தைப் பார், ரிப்போர்ட் மோசம் என்றால் வருகிறேன், அதற்கு முன்னால் தூக்கினால் கடித்துவிடுவேன் என்றாள். அந்த ரத்தத்தையும் மகள்தான் எடுக்க வேண்டுமாம்.

மகள் பதினான்கு வருடம் தோல் பை தைத்தவள். பட்டறை மூடிய பிறகு, முப்பத்தாறு வயதில், செம்பூரில் ஒரு லேபில் ரத்தம் எடுக்கக் கற்றுக்கொண்டிருக்கிறாள். மூன்று வாரம் ஆகிறது. தோலில் ஊசி இறக்கிய கைதானே என்று தைரியமாகத்தான் சேர்ந்தாள். ஆனால் பையின் தோல் முகம் சுளிக்காது.

இரண்டு முறை தவறினால் வேறு ஆளைக் கூப்பிட வேண்டும் என்பது லேபின் விதி. அவளுக்குக் கற்றுக்கொடுக்கும் சஃப்ரீனுக்குப் போன் போட்டாள். சஃப்ரீன் காட்கோபரில் வீடு வீடாகப் போய் ரத்தம் எடுத்துக்கொண்டிருந்தாள். வர இரண்டு மணி நேரமாவது ஆகும்.

"எப்டிக்கா தப்புச்சு?"

"நரம்புக்குள்ள போன மாதிரிதான் இருந்துச்சு. பொறவு ஒண்ணும் வரல."

"தெச்சுட்டீங்கக்கா. ஊசி அந்தப் பக்கம் வரக்கூடாது. நடுவுலயே நிக்கணும். இனி குத்தாதீங்க, நான் வரேன்."

மாரிசெல்வி ஊசியைக் குப்பை டப்பாவில் போட்டாள். பேராச்சி வலது கையை நீட்டினாள்.

"ரெண்டுக்கு மேல குத்தக்கூடாதும்மா. ரூலு."

"ரூலு ஊருக்குட்டி. நான் ஒன் அம்மைல்லா? குத்து."

"பயமா இருக்கும்மா."

"எனக்குந்தான் இருக்கு. குத்து."

புது ஊசியை எடுத்தாள். விரலால் தடவி நரம்பைக் கண்டுபிடித்தாள். ஊசி உள்ளே போனது. இன்னும் ஒரு நூலளவு தள்ளு என்று பதினான்கு வருடப் பழக்கம் கையை உந்தியது. வியர்வை கண்ணில் இறங்கியது. அவள் நிறுத்தினாள். குழாயில் ரத்தம் ஏறியது.

"வந்துட்டா?"

"வந்துட்டும்மா!" சின்னப் பிள்ளை மாதிரி கத்திவிட்டாள்.

"இம்புட்டுக்கா இந்தப் பாடு?" என்று குழாயை உற்றுப் பார்த்தாள் பேராச்சி. ஆனால் சிரித்தாள்.

தம்பி ஹரி குழாயை வாங்கிக்கொண்டு பைக்கில் லேபுக்குப் பறந்தான். ரிப்போர்ட் பதினோரு மணிக்கு வரும். ஒன்பதரைக்குப் பேராச்சி டீ கேட்டாள். மாரிசெல்வி வடிகட்டிவிட்டுத் திரும்பியபோது அம்மாவின் தலை ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. மணிக்கட்டில் விரலை வைத்துத் தேடினாள். பிறகு கழுத்தில். எங்கும் எதுவும் இல்லை.

முதல் குத்திலேயே எடுத்திருந்தால் இந்நேரம் ஆஸ்பத்திரிக் கட்டிலில் இருந்திருப்பாள். கால் மணி நேரந்தான் வித்தியாசம் என்று தெரிந்தும், அதைத் தவிர வேறெதுவும் அவள் மனதில் ஓடவில்லை. ரிப்போர்ட் ஹரியின் போனுக்கு வந்தது. அவன் பார்த்துவிட்டுப் போனைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டான். அவளும் கேட்கவில்லை.

மதியம் கடைசிக் குளியலுக்கு நீர்மாலைக் குடம் வந்தது. பெண்கள் சேலையை மறைப்பாகப் பிடித்துக்கொள்ள, மகேஸ்வரி சித்தி உடம்பைக் குளிப்பாட்டினாள். இடது கையில் ஒட்டியிருந்த பிளாஸ்திரியைப் பிய்த்தபோது இரண்டு இடத்திலும் கருநீலமாகக் கன்றியிருந்தது.

"எந்தப் பாவி இப்படிக் குத்துனா?"

"நாந்தான் சித்தி."

சித்தி வலது கையைத் தூக்கிப் பிளாஸ்திரியை எடுத்தாள். கடுகளவு சிவப்புப் புள்ளி. சுற்றிலும் தோல் சுத்தமாக இருந்தது.

"இது?"

"அதுவும் நாந்தான்" என்று சொல்லி, மாரிசெல்வி குடத்தை வாங்கி அந்தக் கைமேல் சாய்த்தாள்.